முதலில் அம்மிணிக்கு

புதுப் பேனாவை எடுத்தால் அவள் முதலில் என்னிடம்தான் நீட்டுவாள். "ஒரு கோடு போட்டுக் குடுங்க்கா" என்பாள். நான் ஏதாவது ஒரு தாளில் கிறுக்கிக் கொடுத்த பிறகுதான் அவள் எழுதுவாள். என் கை ராசியான கை என்று யாரோ அவளிடம் சொல்லியிருக்கிறார்கள் போல என்று நினைத்து உள்ளுக்குள் கொஞ்சம் பெருமைப்பட்டுக்கொண்டேன். அந்தப் பெருமை சோப்பு வந்த அன்று போய்விட்டது. கை கழுவும் இடத்தில் புதுச் சோப்பைப் பிரித்து வைத்துவிட்டு, நான் வரும்வரை ஈரக் கையோடு நின்றுகொண்டிருந்தாள். "ஏம்புள்ள, நீ தேய்ச்சா நுரை வராதா?" என்று கேட்டேன். சிரித்தாளே தவிர, நான் தொட்டு நனைக்கும்வரை அதைத் தொடவில்லை.

நாமக்கல்லில், கோழிகளுக்கு என்ன நோய் என்று பார்த்துச் சொல்லும் ஒரு லேபில் நான் வேலை பார்த்த காலம் அது. பண்ணைக்காரர்கள் செத்த கோழிகளைச் சாக்கில் போட்டுத் தூக்கிக்கொண்டு வருவார்கள். நாங்கள் அறுத்துப் பார்த்து, ரத்தத்தைப் பார்த்து, குடிக்கிற தண்ணீரைப் பார்த்து, எது வந்திருக்கிறது என்று சொல்ல வேண்டும். நான் சேலம் செவ்வாய்ப்பேட்டைக்காரி. கல்யாணமாகி நாமக்கல் வந்தவள். வாய் கொஞ்சம் நீளம். பேய் பிசாசெல்லாம் உன் பக்கத்தில் வந்தால் உன் வாய்க்குப் பயந்தே ஓடிப்போகும் என்று என் வீட்டுக்காரர் சொல்வார். நானும் அதை நம்பித்தான் இருந்தேன்.

அவள் எம்.எஸ்ஸி. முடித்த கையோடு எங்களிடம் வந்தாள். எருமப்பட்டிக்கு அந்தப் பக்கம் தோட்டத்துக்குள் வீடு. அப்பாவுக்குச் சொந்தமாகக் கோழிப்பண்ணை. ஸ்கூட்டியில் வருவாள், காதில் இயர்போன் இருக்கும், இங்கிலீஷில் வந்த ஈமெயிலை எங்கள் டாக்டருக்கே அவள்தான் விளக்கிச் சொல்வாள். அவள் பெயரை இங்கே எழுதப்போவதில்லை. ஊரில் பேச்சாகிவிடும் என்பது ஒரு காரணம். அந்தப் பெயர் இப்போது யாருக்குச் சொந்தம் என்று எனக்கே தெரியாதது இன்னொரு காரணம்.

கதவு விஷயம் ஒன்று உண்டு. எந்தக் கதவைத் திறந்தாலும் உடனே உள்ளே போக மாட்டாள். ஓர் அடி ஒதுங்கி, முன்னால் யாரோ போக வழிவிடுவது போல நின்று, அப்புறம் போவாள். பின்னாலேயே வேகமாக வந்து அவள் முதுகில் மோதி நான் எத்தனையோ தடவை சாம்பிள் தட்டைக் கீழே போட்டிருக்கிறேன். "யாருடி முன்னாடி போறது, உன் மாமியாரா?" என்று திட்டுவேன். லேபுக்குப் புது மைக்ராஸ்கோப் வந்தபோது எல்லோரும் முண்டியடித்துப் பார்த்தோம். அவளுக்கோ அதில் உயிர். வாங்கச் சொல்லி டாக்டரை நச்சரித்ததே அவள்தான். ஆனாலும் நாங்கள் எல்லோரும் பார்த்து முடித்துக் கலைந்த பிறகுதான் போய்க் கண் வைத்தாள்.

பண்டிகைக்கு வீட்டிலிருந்து கச்சாயம் கொண்டு வருவாள். வெல்லப்பாகில் அரிசி மாவு பிசைந்து எண்ணெயில் சுட்டு எடுப்பார்களே, அது. டப்பாவைத் திறந்ததும் முதல் கச்சாயம் என் கையில் வந்துவிடும். நான் கடிக்கிற வரைக்கும் அவள் எடுக்க மாட்டாள். எனக்கு எரிச்சலாக வரும்.

"ஒரு நாளாச்சும் நீ முதல்ல தின்னுடி. உங்கம்மா உனக்குத்தானே சுட்டாங்க?"

"பழகிப் போச்சுங்க்கா. எங்கூட்டுல எது புதுசா வந்தாலும் முதல்ல அம்மிணிக்குத்தான். அம்மிணிக்கு வெச்சு எடுத்தாத்தான் எனக்கு. இங்க அம்மிணி இல்லீங்களா, அதனால நீங்க."

"எந்த அம்மிணி?"

"பெரிய அம்மிணி. எங்க தாத்தாவுக்கு அக்கா. கல்யாணம் ஆவறதுக்கு முன்னயே போயிட்டாங்க."

அந்தப் பக்கத்து வீடுகளில் இது உண்டு என்று எனக்குத் தெரியும். கல்யாணமாகாமல் செத்துப்போன பெண்ணை வீட்டுக் கன்னியாக வைத்துக் கும்பிடுவார்கள். ஆனால் ஒரு செத்த பெண்ணுக்குப் பதிலாக இத்தனை நாள் நான் பேனாவில் கோடு போட்டுக்கொண்டிருந்தேன் என்பது அன்றைக்குத்தான் தெரிந்தது. கையிலிருந்த கச்சாயம் இறங்க மறுத்தது. ஆனாலும் தின்றுவிட்டேன். அவள் அம்மா கைப்பக்குவம் அப்படி.

ஆடிப் பதினெட்டுக்கு அவள் வீட்டில் அம்மிணிக்குப் படையல். அவள் அம்மா போனில் கூப்பிட்டதால் ஒரு வருஷம் போனேன். புதிதாகக் கட்டிய மாடி வீடு, வழவழ டைல்ஸ், சுவர் முழுக்க டிவி. அதற்கு நடுவில் ஓர் அறை மட்டும் பழைய மண்சுவரோடு அப்படியே நின்றது. அதை இடிக்காமல் அதைச் சுற்றியே வீட்டைக் கட்டியிருந்தார்கள். உள்ளே ஒரு மரப்பெட்டி. போன வருஷ ஆடியில் வைத்த சேலையை வெளியே எடுத்து, புதுச் சேலையை உள்ளே வைப்பார்கள். எடுத்த சேலையை அந்த வீட்டுக் கல்யாணமாகாத பெண் கட்டிக்கொள்ள வேண்டும். அந்த வீட்டில் அப்படி இருந்தது அவள் ஒருத்திதான். அவள் வாழ்க்கையில் கட்டிய சேலை எல்லாமே அந்தப் பெட்டியிலிருந்து வந்ததுதானாம்.

அவள் அம்மா, தலை குனிந்தே பேசுகிற ஒல்லியான பெண்மணி, சேலையை எடுத்து என்னிடம் காட்டினார். மடிப்பெல்லாம் குலைந்து கிடந்தது. கீழ்க்கரையில் லேசாகச் செம்மண். முந்தானையில் மஞ்சள் கையைத் துடைத்த தடம்.

"அம்மிணி கட்டிட்டாங்க பாருங்க கண்ணு" என்றார், மகள் பரீட்சையில் பாசாகிவிட்டாள் என்று சொல்கிற மாதிரி.

எலியாக இருக்கும் என்றுதான் நினைத்தேன். எலி மஞ்சள் பூசுமா என்று என் புத்தியே என்னைத் திருப்பிக் கேட்டது. மோந்து பார்த்தேன். வருஷம் முழுக்கப் பெட்டியில் கிடந்த துணியின் வாடை இல்லை. வேலைக்குப் போய்விட்டு வந்து அவிழ்த்துப் போட்ட சேலையின் வாடை. அதற்கு மேல் நான் அதைப் பற்றி யோசிக்கவில்லை.

அந்தச் சேலையைக் கட்டிக்கொண்டு அவள் வெளியே வந்தாள். அன்று முழுக்க யாரும் அவளைப் பெயர் சொல்லிக் கூப்பிடக் கூடாது. "வாங்க சாமி" என்று அவள் அப்பா, பெற்ற மகளைப் பார்த்துக் கை கூப்பினார். இலை போட்டார்கள். அவளுக்குத்தான் முதல் இலை. மற்ற எல்லோரும் நின்றுகொண்டிருந்தோம். அவள் யாரையும் பார்க்காமல், முதல் வாயை எடுத்துச் சாப்பிட்டாள். சாப்பிட்டு முடித்து, இலையை மடித்து, புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டாள். லேபில் டிஷ்யூ இல்லாமல் டீ குடிக்காதவள் அவள். வருஷத்தில் அந்த ஒரு நாள்தான் அவள் முதலில் சாப்பிடுவாள். அன்று அவள் அவளாக இருப்பதில்லை.

மறுநாள் லேபில் அதே பெண், அதே இயர்போன். "என்னடி சாமி, நேத்து ஒரு பார்வை கூடப் பாக்கலையே?" என்று சீண்டினேன். "போங்க்கா, நடிக்கிறதுக்குள்ள எனக்குக் கழுத்து வலி" என்றாள். அது எனக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்தது என்று சொல்லி முடியாது.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். அவளுக்கு மூடிய இடம் ஆகாது. சாம்பிள்களை வைக்கிற குளிர் அறை ஒன்று எங்களுக்கு உண்டு. ஒரு நாள் மத்தியானம் அவள் உள்ளே போனதும் கதவு தானாகச் சாத்திக்கொண்டது. உள்ளிருந்தே தள்ளித் திறக்கிற கதவுதான் அது. ஆனாலும் அவளால் முடியவில்லை. நான் திறந்தபோது, கதவின் அடியில் ரப்பர் தேய்ந்துபோன சந்தில் மூக்கை வைத்தபடி குப்புறப் படுத்துக் கிடந்தாள். முகமெல்லாம் வேர்வை, அந்தக் குளிரில். அதற்குப் பிறகு அவள் உள்ளே போகும்போதெல்லாம் அந்தக் கதவுக்கு ஒரு செங்கல்லை முட்டுக் கொடுத்து வைத்தோம். வீட்டிலும் கதவைத் திறந்து வைத்துத்தான் தூங்குவாளாம். சின்ன வயதில் பஸ் கண்ணாடியை மூடினாலே அழுது வாந்தி எடுப்பாளாம். அதனாலேயே அவள் சேலத்தைத் தாண்டி எங்கும் போனதில்லை.

ஆனால் போக வேண்டும் என்ற ஆசை அவளுக்குத் தலைக்கு மேல் இருந்தது. பெங்களூரில் கோழிகளுக்குத் தடுப்பூசி தயாரிக்கிற ஒரு கம்பெனிக்கு எனக்குத் தெரியாமலே எழுதிப் போட்டிருந்தாள். போனிலேயே இன்டர்வியூ. வேலை கிடைத்துவிட்டது. அன்றைக்கு டீக்கடையில் அவள் முகத்தைப் பார்க்க வேண்டுமே. எனக்குப் பிள்ளை இல்லை. இருந்திருந்தால் அன்றைக்குப் பட்ட சந்தோஷத்தை அதற்கும்தான் பட்டிருப்பேன்.

"அப்பா என்ன சொன்னாரு?"

"பூக் கேக்கோணும்னு சொல்லிட்டாருங்க. அம்மிணி உத்தரவு குடுத்தா அனுப்பறாராம். இல்லீன்னா உள்ளூர் மாப்பிள்ளையாப் பாத்துப் பண்ணையோட வெச்சுக்குவாராம்."

பூக் கேட்பது என்றால் இதுதான். வெள்ளை அரளி ஒன்று, சிவப்பு அரளி ஒன்று. இரண்டையும் தனித்தனியாக வாழை இலையில் மடித்து, நாரால் கட்டி, எது எது என்று தெரியாதபடி பெட்டியின் முன்னால் போடுவார்கள். வீட்டுக் கன்னிப்பெண் ஒரு பொட்டலத்தை எடுப்பாள். வெள்ளை வந்தால் உத்தரவு. சிவப்பு வந்தால் இல்லை. தோட்டத்தில் தண்ணீருக்குப் போர் போடுவது, கோழிகளுக்குப் புதுச் செட் கட்டுவது, அண்ணன் கல்யாணம் என்று அந்த வீட்டின் எல்லாக் காரியத்துக்கும் சின்ன வயதிலிருந்து அவள் கைதான் எடுத்திருக்கிறது.

"சிவப்பு வந்துட்டா?" என்றேன். 

அவள் டீ டம்ளரை வைத்துவிட்டு என் காதருகே வந்தாள். "வராதுங்க்கா. யார்கிட்டயும் சொல்லீராதீங்க. வெள்ளை இருக்கற பொட்டலம் தொட்டாச் சில்லுனு இருக்கும். செவப்பு இருக்கறது கொஞ்சம் சூடா இருக்கும். எனக்கு அது ஏழு வயசுலயே தெரியும்."

"அப்படின்னா இத்தனை நாளா..."

"நாந்தான். அப்பாவுக்குப் போர் போடோணும்னு ஆசை, வெள்ளையை எடுத்தேன். அண்ணனுக்கு அந்தப் புள்ளையப் புடிச்சிருந்துச்சு, வெள்ளையை எடுத்தேன். அம்மிணியும் இல்ல ஒண்ணும் இல்ல. எல்லாமே நாந்தானுங்க்கா." சொல்லிவிட்டு விழுந்து விழுந்து சிரித்தாள். நானும் சிரித்தேன். அடி கள்ளி, என் இனம்தான் நீ என்று அவள் முதுகில் ஒன்று வைத்தேன். அவளைப் பற்றி எனக்கிருந்த பயமெல்லாம் அந்த ஒரு பேச்சில் போய்விட்டது.

அந்த ஆடிக்கும் போனேன். சேலையை எடுத்தார்கள், புதுச் சேலையை வைத்தார்கள். கடைக்காரன் குத்திய குண்டூசி கூட எடுக்காத புதுச் சேலை. எல்லாம் முடிந்து பொட்டலங்களைப் போட்டார்கள். அவள் பழைய சேலையில் வந்து மண்டியிட்டாள். நான் அவள் அம்மாவுக்குப் பின்னால் நின்றேன். அவள் முதலில் ஒரு பொட்டலத்தைத் தொட்டாள், கையை எடுத்தாள், மற்றதைத் தொட்டாள். அப்புறம் நிமிர்ந்து அவள் அம்மாவைப் பார்த்தாள். அந்த அம்மா அழவில்லை. ஆனால் சேலைத் தலைப்பை வாயில் திணித்துக்கொண்டு நின்றார். இவள் பார்த்துக்கொண்டே இருந்தாள். பிறகு ஒரு பொட்டலத்தை எடுத்து அப்பாவிடம் கொடுத்தாள்.

அவர் பிரித்தார். வெள்ளை.

"அம்மிணி அனுப்பச் சொல்லீட்டாங்க" என்றார் அவர். எனக்குக் கத்த வேண்டும் போலிருந்தது. சமாளித்துக்கொண்டு அவளைப் பார்த்துக் கண்ணடித்தேன். அவள் என்னைப் பார்க்கவே இல்லை. அப்பாவின் கையிலிருந்த பூவையே பார்த்துக்கொண்டிருந்தாள். முகத்தில் ரத்தமே இல்லை.

ஆவணியில் கிளம்பினாள். நாமக்கல் பஸ் ஸ்டாண்டில் ஒரு வெள்ளிக்கிழமை மத்தியானம். அவள் அப்பா பையை ஏற்றிக்கொண்டிருந்தார். அம்மா எலுமிச்சம்பழம் வாங்கப் போயிருந்தார். அவள் என் கையைப் பிடித்துக்கொண்டாள். கை ஜில்லென்றிருந்தது.

"அக்கா, நான் செவப்பத்தான் எடுத்தேன்."

"என்னடி சொல்ற?"

"அம்மா மூஞ்சியப் பாத்தேன். என்னால முடியல. போவ வேண்டாம்னு அந்த நிமிசம் நானே முடிவு பண்ணிட்டேன். சூடா இருந்ததத்தான் எடுத்தேன். அப்பா கையில வாங்கற வரைக்கும் சூடாத்தானுங்க்கா இருந்துச்சு. அப்பா பிரிச்சா, வெள்ளை."

"தப்பா எடுத்திருப்ப. பதட்டத்துல என்ன தெரியும்?"

"இத்தன வருசத்துல ஒருக்காக் கூடத் தப்பல." அவள் பஸ்ஸைப் பார்த்தாள். "அம்மிணி எங்கூட்ட உட்டு எங்கயும் போனதில்லையாம். நாமக்கல்லு கூடப் பாத்ததில்லையாம். எனக்குப் போவோணும்னு இல்லீங்க்கா. அவங்களுக்குத்தான் போவோணும்."

நான் திட்டினேன். படித்த பெண் பேசுகிற பேச்சா இது, பயத்தில் உளறுகிறாய், போய் இறங்கி ஒரு வாரம் ஆனால் எல்லாம் சரியாகிவிடும், அங்கே எதுவானாலும் நீ முதலில் எடு, நீ முதலில் சாப்பிடு, எவளுக்கும் வழிவிடாதே என்று நீட்டி முழக்கினேன். அவள் எல்லாவற்றுக்கும் "சரிங்க்கா" என்றாள்.

பஸ் படியில் வழக்கம் போல ஒதுங்கி நின்றாள். வழக்கத்தைவிடக் கொஞ்சம் அதிக நேரம். "யாரும்மா இன்னும் வரணும்? ஏறு" என்று கண்டக்டர் சத்தம் போட்டார். அதற்குப் பிறகு ஏறினாள். ஜன்னலோரச் சீட்டு காலியாகத்தான் இருந்தது. அவள் அதில் உட்காரவில்லை. அதை விட்டுவிட்டு இந்தப் பக்கம் உட்கார்ந்தாள். பஸ் நகரும்போது அவள் கண்ணில் தண்ணீர் ஓடுவது தெரிந்தது. அவள் அம்மா பஸ் போன பிறகும் எலுமிச்சம்பழத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றார்.

ஆரம்பத்தில் தினமும் போன் வரும். அழுவாள், அம்மாவைக் கேட்பாள், பஸ்ஸில் வாந்தி என்பாள். தீபாவளிக்கு வரவில்லை. பொங்கலுக்கும் லீவு இல்லை என்றாள். அதற்குள் அழுகை நின்றிருந்தது. படங்களாக அனுப்ப ஆரம்பித்தாள். மெட்ரோவில், மாலில், மலை மேல், ஏரிக் கரையில். ஞாயிற்றுக்கிழமை என்றால் காரணமே இல்லாமல் பஸ் ஏறி, கடைசி ஸ்டாப் வரை போய்விட்டு வருவாளாம். வாந்தி? அதெல்லாம் எப்போதோ நின்றுவிட்டது என்றாள். வாய் விட்டுச் சிரித்தாள். எனக்குப் பெருமை தாங்கவில்லை. பார்த்தீர்களா, ஒரு பெண்ணைக் கூட்டிலிருந்து வெளியே விட்டால் எப்படிப் பறக்கிறாள் என்று லேபில் எல்லோரிடமும் படத்தைக் காட்டினேன்.

அடுத்த ஆடி முடிந்து சில நாளில் அவள் அம்மா லேபுக்கு வந்தார். கையில் துணிப்பை. என்னைத் தனியாகக் கூப்பிட்டு, சாக்கு மூட்டைகளுக்குப் பக்கத்தில் நிற்க வைத்துப் பேசினார்.

"பெட்டியத் தெறந்தோமுங்க கண்ணு. சேலை வெச்ச மாதிரியே இருக்குது. குத்துன குண்டூசி குத்துன எடத்துலயே இருக்குது."

"எலி வரலையாட்டம் இருக்குங்கம்மா" என்றேன், சும்மா சிரிக்க வைக்க.

அவர் சிரிக்கவில்லை. "அம்மிணி ஊட்டுல இல்லீங்க. எம்மவ போன்ல பேசறாளே, அது எம்மவ பேசற மாதிரியே இல்லீங்க. நல்லாத்தான் பேசறா. முன்ன விட நல்லாப் பேசறா. அதுதான் எனக்குப் பயமா இருக்குது."

"நீங்களே ஒருக்காப் போயிப் பாத்துட்டு வரலாமே?"

"போயி, அது எம்புள்ள இல்லீன்னு தெரிஞ்சுபோச்சுன்னா நான் என்ன பண்ணட்டும்?" பையை என் கையில் கொடுத்தார். "அடுத்த வாரம் உங்க அக்கா மவளைப் பாக்கப் பெங்களூரு போறீங்கன்னு கேள்விப்பட்டேன். கச்சாயம் சுட்டிருக்கேன். அவகிட்டக் குடுங்க. மொதல் கச்சாயத்த யாருக்குக் குடுக்கறான்னு மட்டும் பாத்துச் சொல்லுங்க. எப்பவும் போல உங்க கையில குடுத்தாள்னா, எம்புள்ள."

படிக்காத பயம் என்று ஒதுக்கத்தான் நினைத்தேன். ஆனாலும் சரி என்று சொல்லிவிட்டேன்.

பெங்களூரில் பஸ் ஸ்டாப்புக்கே வந்து என்னைக் கூட்டிக்கொண்டு போனாள். தலைமுடியை வெட்டியிருந்தாள், நல்ல நிறமாகியிருந்தாள். என் முன்னால் வேகமாக நடந்தாள். மூன்றாவது மாடியில் அவள் அறை. கதவைத் திறந்தாள். மோதக் கூடாதென்று நான் பழைய பழக்கத்தில் சட்டென்று நின்றேன். அவள் நிற்கவில்லை. விறுவிறுவென்று உள்ளே போய்விட்டாள். நான்தான் வெளியே தனியாக நின்றேன்.

உள்ளே போனதும் அவள் கதவைச் சாத்தித் தாழ் போட்டாள். ஜன்னலையும் மூடித் திரையை இழுத்துவிட்டாள். "தூசி" என்றாள். கட்டிலில் சம்மணம் போட்டு, சொகுசாக உட்கார்ந்துகொண்டாள்.

டப்பாவை எடுத்துக் கொடுத்தேன். மூடியைத் திறந்தாள். நான் கையை மடியில் வைத்துக்கொண்டு காத்திருந்தேன். குடு, எனக்குக் குடுடி என்று மனசுக்குள் கெஞ்சினேன். எத்தனை வருஷம் நீயே முதலில் தின்னு என்று அவளைத் திட்டியிருப்பேன்! அவள் ஒரு கச்சாயத்தை எடுத்தாள். யாரையும் பார்க்காமல் கடித்தாள். அதைத் தின்று முடித்து இன்னொன்றை எடுத்தாள். அதையும் தின்று முடித்து, புறங்கையால் வாயைத் துடைத்துக்கொண்டாள். பக்கத்திலேயே டிஷ்யூ டப்பா இருந்தது.

"வாசத்த மட்டும் மோந்து மோந்து சலிச்சுப் போச்சு" என்றாள். பிறகுதான் நான் இருப்பது ஞாபகம் வந்தது போல டப்பாவை என் பக்கம் தள்ளினாள். "நீயும் தின்னு."

அவள் என்னை ஒருமையில் கூப்பிட்டது அதுதான் முதல் தடவை. பெரிய நகரம், பெண் மாறிவிட்டாள், இதைத்தானே நீ கேட்டாய் என்று எனக்கு நானே சொல்லிக்கொண்டேன். சொல்லிக்கொண்டே கதவின் தாழைப் பார்த்துக்கொண்டிருந்தேன். வேலை பற்றிக் கேட்டேன். சரியாகச் சொன்னாள். லேபில் இருந்தவர்களை எல்லாம் விசாரித்தாள். ஒரு பெயர் கூடத் தப்பவில்லை. கிளம்பும்போது கதவைத் திறந்துவிட்டாள்.

"அம்மாகிட்ட ஒண்ணு சொல்லு. அந்தப் பெட்டிய மூட வேண்டாம்னு."

"ஏன்?"

"சொல்லு. அவங்களுக்குத் தெரியும்." சிரித்தாள். கேலியா, நிஜமா என்று இன்றுவரை எனக்குப் பிடிபடவில்லை. சந்தோஷமாக இருந்தாள், அதில் சந்தேகமே இல்லை. அவ்வளவு சந்தோஷமான முகத்தை அவளிடம் நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

திரும்பி வரும் பஸ் தருமபுரியில் நின்றபோது அவள் அம்மாவின் போன் வந்தது. நான் கூப்பிடுவேன் என்று காத்திருந்து காத்திருந்து அவரே கூப்பிட்டிருக்கிறார்.

"யாருக்குக் குடுத்தா கண்ணு?"

"எனக்குத்தாங்கம்மா. கையிலயே குடுத்தா. நான் கடிச்ச அப்புறந்தான் எடுத்தா."

 பொய் சொல்வது எனக்குப் புதிதில்லை.  நல்லாயிருக்காளா என்று கேட்டார். ரொம்ப நல்லாயிருக்கா என்றேன். அது மட்டும் உண்மை. அதோடு போனை வைத்திருக்கலாம். என்னவோ, மனசு கேட்கவில்லை.

"அம்மா, அந்தப் பெட்டிய மட்டும் மூடாம வைங்க."



"தெறந்துதானுங்க வெச்சிருக்கேன்" என்றார். "மூடுனா அவளுக்கு ஆவாதுங்களே. இந்த ஆடிக்கு வெச்ச புதுச் சேலையையும் நேத்து நானே ஒருக்காக் கட்டி அவுத்து உள்ள வெச்சிருக்கேன். புதுசுன்னா எம்புள்ள தொடமாட்டாளுங்க."